18,240 என்ற எண்: வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் அச்சீவ்மென்ட் புள்ளிகளுடன் என் நீண்ட பழக்கம்

வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் என்ற இணையவழி விளையாட்டை நான் 2009-இன் நடுவில் ஆடத் தொடங்கினேன். இடையில் இரண்டு முறை விட்டுவிட்டுத் திரும்பியிருக்கிறேன். அந்த இடைவெளிகள் சேர்ந்தால் மூன்று ஆண்டுகளுக்கு மேல் வரும். இன்று என் கணக்கில் 18,240 அச்சீவ்மென்ட் (சாதனை) புள்ளிகள் இருக்கின்றன. சில மாதங்களுக்கு முன் எங்கள் கில்டில் (ஆட்டக்காரர் குழுவில்) புதிதாகச் சேர்ந்த ஒரு தம்பி அந்த எண்ணைப் பார்த்துவிட்டு, "அண்ணா, நீங்கள் ஏன் மிதிக் ரெய்டுக்கு வருவதில்லை?" என்று கேட்டார். ரெய்டு என்பது பலர் சேர்ந்து பெரிய எதிரிகளை வீழ்த்தும் களம்; அதன் மிகக் கடினமான மிதிக் நிலையில் நான் கடைசி பாஸை (தலைமை எதிரியை) ஒருமுறைகூட வீழ்த்தியதில்லை என்று சொன்னபோது அவரால் நம்ப முடியவில்லை. அந்த எண் எதை அளக்கிறது என்பதை அவருக்கு விளக்க முயன்றதன் தொடர்ச்சியாகவே இதை எழுதுகிறேன்.

இந்தப் புள்ளி முறை 2008 அக்டோபரில், ராத் ஆஃப் த லிச் கிங் விரிவாக்கம் வெளிவருவதற்கு ஒரு மாதம் முன்பு, 3.0.2 பேட்ச்சோடு (மென்பொருள் புதுப்பிப்போடு) வந்தது. எக்ஸ்பாக்ஸ் 360 கருவி 2005-இலேயே கேமர்ஸ்கோர் என்ற பெயரில் இப்படியொரு கணக்கைத் தொடங்கிவிட்டது. ஆனால் அங்கே ஒவ்வொரு விளையாட்டுக்கும் தனிப் பட்டியல் உண்டு, அது முடிந்தால் அடுத்த விளையாட்டுக்குப் போகலாம். ஆண்டுக்கணக்கில் ஒரே உலகத்தில் வாழ்கிற ரோல்-பிளேயிங் விளையாட்டில் பட்டியலுக்கு முடிவே கிடையாது என்பதால், புள்ளியின் பொருளும் இங்கே மாறிவிடுகிறது. நாம் செய்வதைச் சர்வர் எண்ணிக்கொண்டே இருக்கிறது: எத்தனை குவெஸ்ட் (பணி) முடித்தோம், எந்த பாஸை வீழ்த்தினோம், வரைபடத்தின் எந்த மூலைக்குள் காலடி வைத்தோம், எத்தனை வகை உணவைத் தின்றோம் என்பதெல்லாம் தனித்தனி எண்ணிகளில் ஏறுகின்றன. குறித்த அளவை எட்டியதும் திரையின் கீழ்ப்பகுதியில் பொன்னிற விளிம்புள்ள பட்டை ஒலியோடு எழும். கில்ட் அரட்டையில் நம் பெயர் ஓடும். நாலைந்து பேர் வாழ்த்துவார்கள். பட்டியலில் அந்தச் சாதனைக்கு எதிரே தேதி பதிவாகி, அதற்குரிய புள்ளி மொத்தத்தில் சேரும்.

புள்ளியின் மதிப்பை வடிவமைப்பாளர்கள்தான் முன்கூட்டியே வைக்கிறார்கள். எத்தனை பேர் அதைச் செய்து முடித்தார்கள் என்பதைப் பொறுத்து அது ஏறுவதோ இறங்குவதோ இல்லை. பெரும்பாலானவை 10 புள்ளி. முடிதிருத்தும் கடையில் போய் உட்கார்ந்து எழுந்தால் 10. 65 கெஜ உயரத்திலிருந்து விழுந்தும் சாகாமல் இருந்தால் 10. பல வாரங்கள் உழைத்து 80-ஆம் லெவலை எட்டியபோதும் 10. இதைவிட வியப்பானது, ஆட்டத்தின் மிகக் கடினமான செயல்கள் பலவும் ஃபீட்ஸ் ஆஃப் ஸ்ட்ரெங்த் என்ற தனிப் பகுதியில் இடம்பெற்று, ஒரு புள்ளிகூடப் பெறாமல் இருப்பது. அடுத்த ரெய்டு வருவதற்குள் கடைசி பாஸை, மிதிக்குக்கு ஒரு படி கீழான ஹீரோயிக் நிலையில் வீழ்த்தியவருக்கு அஹெட் ஆஃப் த கர்வ் கிடைக்கிறது, மிதிக் நிலையில் வீழ்த்தியவருக்குக் கட்டிங் எட்ஜ் கிடைக்கிறது; இரண்டுக்கும் புள்ளி இல்லை. எங்கள் கில்டில் ஓர் அக்கா தி இன்சேன் பட்டத்துக்காகப் பல மாதம் உழைத்தார். புக்கனீர்கள் என்ற கடற்கொள்ளையரின் நல்லெண்ணத்தைப் பெற பூட்டி பே நகரத்தின் காவலர்களைக் கொன்று குவித்துவிட்டு, பிறகு அதே நகரத்தாரின் உச்ச மதிப்பை அடிமட்டத்திலிருந்து மீட்டெடுக்க வேண்டும். அவர் அதை முடித்த இரவில் எல்லோரும் விழித்திருந்து வாழ்த்தினோம். அவருடைய மொத்தப் புள்ளியில் ஒன்றுகூடக் கூடவில்லை.

தொடக்கத்தில் இதை நான் பெரிய குறையாகத்தான் கருதினேன். இப்போது அப்படிக் கருதவில்லை. குறித்த காலத்துக்குள் மட்டுமே கிடைக்கக்கூடியதற்கும், பின்னாளில் யாராலும் பெற முடியாததற்கும் புள்ளி வைத்தால், தாமதமாக வந்தவர் எவ்வளவு உழைத்தாலும் முன்னால் வந்தவரை எட்ட முடியாது. பூஜ்யம் வைத்ததால் 2009-இல் வந்தவருக்கும் 2020-இல் வந்தவருக்கும் ஓட வேண்டிய தூரம் கிட்டத்தட்ட ஒன்றாகிறது. அதற்குக் கொடுத்த விலை, மொத்த எண் திறமையைக் காட்டுகிற தகுதியை இழந்ததுதான். அது அகலத்தை அளக்கிறது. இந்த உலகத்தின் எத்தனை மூலைகளை எட்டிப் பார்த்தோம், எத்தனை ஆண்டு அதற்காகச் செலவிட்டோம் என்பதை அளக்கிறது. 1978-இல் எசெக்ஸ் பல்கலைக்கழகத்தில் ராய் ட்ரப்ஷாவும் ரிச்சர்ட் பார்ட்டிலும் உருவாக்கிய மட் என்ற எழுத்துவழி விளையாட்டில், புதையலைச் சதுப்பு நிலத்தில் போட்டால் புள்ளி கிடைக்கும். போதிய புள்ளி சேர்ந்தால் விசார்ட் ஆகலாம், விசார்டுக்கோ உலகத்தின்மீதே அதிகாரம் உண்டு. அங்கே புள்ளி ஒரு வாசலைத் திறந்தது. வார்கிராஃப்டில் மொத்தப் புள்ளியைக் கொடுத்து எதையும் வாங்க முடியாது.

வாங்க முடியாத அந்தப் புள்ளி என்னை எங்கெல்லாம் கொண்டு போனது என்பதற்கு மீன்பிடிப்பு நல்ல உதாரணம். ஓர்க்ரிமார், ஸ்டார்ம்விண்ட் ஆகிய இரண்டு தலைநகரங்களிலும் தூண்டில் போட்டு ஒவ்வொரு மீனாவது பிடிக்க வேண்டும் என்று ஒரு சாதனை உண்டு. ஆட்டத்தின் இரு எதிர்த்தரப்புகளில் நான் ஹோர்டு பக்கத்தவன். ஸ்டார்ம்விண்ட் எதிரியின் கோட்டை. சர்வரில் ஆள் குறைந்த விடியற்காலை நேரம் பார்த்து, கடல் வழியாக நீந்தித் துறைமுகத்தில் ஏறி, காவலர்கள் கண்ணில் பட்டு இரண்டு முறை செத்து, மூன்றாம் முறை ஒருவழியாகக் கால்வாயின் பாலத்தடியில் போய் நின்றேன். தூண்டிலை வீசிவிட்டுத் தக்கை அசைவதற்காகக் காத்திருந்த நொடிகளில் என் கை உண்மையாகவே நடுங்கியது. அப்போது எதிர்த்தரப்பு ஆட்டக்காரர் ஒருவர் குதிரையில் பாலத்தின்மேல் வந்து நின்றார். நான் தூண்டிலோடு நிற்பதைச் சற்று நேரம் பார்த்தார். தாக்கவில்லை. குதிரையிலிருந்து இறங்கி, என் பக்கத்திலேயே உட்கார்ந்து, தானும் தூண்டிலைப் போட்டார். இரு தரப்புக்கும் பேச்சு மொழி வேறாக வைக்கப்பட்டிருப்பதால் எங்களால் ஒரு சொல்கூடப் பேசிக்கொள்ள முடியவில்லை. மீன் சிக்கியதும் அவர் கைதட்டினார், நான் வணங்கினேன். இதற்கு 10 புள்ளி.

இதே சாதனை முறை என்னைப் பாடாய்ப் படுத்தியதும் உண்டு. ஆண்டு முழுவதும் வரும் திருவிழாக்களின் சாதனைகளையெல்லாம் முடித்தால் ஊதா நிற ப்ரோட்டோ-டிரேக் என்ற டிராகன் மவுண்ட் (சவாரி விலங்கு) கிடைக்கும். அதில் ஏப்ரல் கடைசி, மே தொடக்கத்தை ஒட்டி வரும் சில்ரன்ஸ் வீக் என்னைத் தடுத்து நிறுத்தியது. நாம் பொறுப்பேற்ற அநாதைக் குழந்தையைக் கூடவே வைத்துக்கொண்டு நான்கு போர்க்களங்களில் நான்கு காரியம் செய்ய வேண்டியிருந்தது. வார்சாங் கல்ச்சில், எதிரி தூக்கிச் செல்லும் நம் கொடி கீழே விழும்போது நாமே அதைத் தொட்டுத் திருப்பி அனுப்ப வேண்டியிருந்தது. பத்துக்குப் பத்து பேர் ஆடும் களத்தில், கொடி விழுந்த அதே இடத்தில், பின்னால் ஒரு குழந்தையோடு என்னைப் போலவே ஏழெட்டுப் பேர் குவிந்து நிற்பார்கள். யார் விரல் முதலில் படுகிறதோ அவருக்கே அது. போர்க்களத்தை விரும்பி ஆடுகிறவர்களுக்கு அந்த ஒரு வாரம் ஆட்டமே கெட்டுவிடும். அவர்கள் கோபம் நியாயமானது. 2011-இல் எனக்குக் கொடி கிடைக்கவில்லை. 2012-இல் எங்கள் ஊரில் மின்வெட்டு ஒரு நாளைக்குப் பல மணி நேரம் நீடித்த காலம். கொடிக்கு அருகே போன இரண்டு முறையும் திரை அணைந்தது. 2013 மே மாதத்தில்தான் முடிந்தது. ஓராண்டில் கிடைக்கக்கூடிய டிரேக் எனக்கு நான்கு ஆண்டுகளில் கிடைத்தது. நாள்காட்டியோடு கட்டிய சாதனையில் மட்டும், ஒரு வாரத்தைத் தவறவிட்டவரை முழு ஆண்டு காக்க வைப்பது சரியில்லை என்பதில் இன்றும் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை.

அடுத்தது, சாதனையை அடையாள அட்டையாகப் பயன்படுத்தும் வழக்கம். 2010-இல் ஐஸ்கிரவுன் சிட்டடல் ரெய்டுக்கு ஆள் சேர்ப்பவர்கள், அங்குள்ள பாஸை ஏற்கெனவே வீழ்த்தியதற்கான அச்சீவ்மென்ட் லிங்கை அரட்டையில் போடச் சொல்வார்கள். என் ஹன்டர் கேரக்டர் அங்கே பலமுறை போய் வந்தவன். ஆனால் சாதனைகள் அப்போது கேரக்டருக்குக் கேரக்டர் தனி என்பதால், புதிதாக வளர்த்த பிரீஸ்டிடம் காட்ட ஒன்றும் இல்லை. ஒரு குழுத் தலைவர் என்னைச் சேர்த்துக்கொண்டு, லிங்க் இல்லை என்றதும் வாசலிலேயே விலக்கினார். அனுபவம் இருந்தால்தான் உள்ளே விடுவோம், உள்ளே போனால்தான் அனுபவம் கிடைக்கும் என்ற நிலை. இதனாலேயே போலி லிங்க் காட்டும் ஆடான்கள் (ஆட்டத்தோடு சேர்த்து இயக்கும் துணை நிரல்கள்) பரவின. 2012 ஆகஸ்டில் 5.0.4 பேட்ச் பெரும்பாலான சாதனைகளைக் கணக்கு முழுமைக்கும் பொதுவாக்கியபோது என் சிக்கல் தீர்ந்தது. கூடவே வேறொன்று போனது: எந்தக் கேரக்டர் எதைச் செய்தது என்ற தனி வரலாறு கலங்கிவிட்டது. என் பிரீஸ்டின் பட்டியலைத் திறந்தால், அவள் பிறக்கும் முன்பே அவள் செய்ததாகச் சில தேதிகள் நிற்கின்றன.

ஒப்பிட்டுப் பார்க்க மூன்று ஆண்டுகள் கில்ட் வார்ஸ் 2 ஆடினேன். அங்கே ஒவ்வொரு 500 புள்ளிக்கும் ஒரு பெட்டி திறக்கும். தங்கமும் கவசத் தோற்றங்களும் கணக்குக்கு நிரந்தரமான சிறு ஊக்கங்களும் கிடைக்கும். புள்ளிக்குப் பலன் இருப்பது நல்லதென்றே முதலில் நினைத்தேன். ஆனால் அன்றாட மூன்று வேலைகளை முடித்தால் 10 புள்ளி என்று வைத்ததால், என் ஆட்டம் நாள்தோறும் கையெழுத்துப் போடும் வருகைப் பதிவேடாகச் சுருங்கியது. அன்றாடப் புள்ளிக்கு 15,000 என்று உச்சவரம்பு இருந்தது. நாளுக்குப் பத்தாக அதை எட்ட 1,500 நாள் வேண்டும். 2023 ஆகஸ்டில் அந்த அன்றாட முறையை எடுத்துவிட்டு விசார்ட்ஸ் வால்ட் என்ற வேறு ஏற்பாட்டைக் கொண்டுவந்தது நல்ல முடிவு. ஃபைனல் ஃபேண்டஸி 14-இல் 50 புள்ளிக்கு ஒரு சான்றிதழ் தந்து, அதை ஓல்டு கிரிடானியாவில் பொருளாக மாற்றிக்கொள்ள விடுகிறார்கள். நான் அதை அதிகம் ஆடவில்லை என்றாலும் அளவோடு அமைந்த ஏற்பாடாகவே எனக்குத் தெரிகிறது.

புதிதாக வருபவருக்கு நான் சொல்வது இதுதான். மொத்த எண்ணை முதலில் பார்க்காதீர்கள்; பட்டியலைத் திறந்து தேதிகளைப் பாருங்கள். 2008 அக்டோபருக்கு முன்பே ஆடியவர்களின் பட்டியலில் லெவல் சாதனைகள் எல்லாம் ஒரே நாளில் குவிந்திருக்கும். முறை தொடங்கிய நாளில் பழைய உழைப்பெல்லாம் மொத்தமாக வரவு வைக்கப்பட்டதன் அடையாளம் அது. ஒரு ரெய்டு பாஸை அது புதிதாக இருந்த மாதத்தில் வீழ்த்தியவரும், பத்தாண்டு கழித்துத் தனியாகப் போய் ஓரடியில் வீழ்த்தியவரும் அதே புள்ளியைப் பெற்றிருப்பார்கள். தேதி மட்டுமே இருவரையும் பிரித்துக் காட்டும். எங்கள் கில்டில் இப்போது ஆள் சேர்க்கும்போது நாங்கள் பார்ப்பதும் அதைத்தான்.

அந்தத் தம்பியும் நானும் போன வாரம் பழைய கண்டங்களின் குவெஸ்ட் சாதனைகளை ஒன்றாக ஆரம்பித்திருக்கிறோம். அவர் ஒவ்வொரு குவெஸ்ட்டின் எழுத்தையும் முழுவதும் படித்துவிட்டுத்தான் அடுத்ததற்கு வருகிறார், அதனால் மெதுவாகத்தான் போகிறது. நேற்று வரை முதல் நிலப்பகுதியில் பாதி முடிந்திருக்கிறது.