கால்வாய் ஆக்கிரமிப்பு: கோட்டாட்சியரா, பசுமைத் தீர்ப்பாயமா, உயர் நீதிமன்றமா?

எங்கள் கண்மாய்க்குத் தண்ணீர் வரும் கால்வாயின் குறுக்கே ஒருவர் சுவர் எழுப்பினார். குறைதீர்க்கும் நாளில் நாங்கள் கொடுத்த மனுக்களுக்கு ரசீது மட்டும்தான் கிடைத்தது. அப்புறம்தான் சட்ட வழிகளைத் தேடினோம். கடைசியில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு (அதிகாரி தன் கடமையைச் செய்ய உத்தரவிடக் கேட்கும் மனு) போட்டோம். அதனால் என் சாய்வு எந்தப் பக்கம் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

எந்த வழியில் போனாலும் அ-பதிவேடும் (சர்வே எண்வாரியாக நிலத்தின் வகையைச் சொல்லும் வருவாய்ப் பதிவேடு) புலப்பட நகலும் (அந்த சர்வே எண்ணின் அளவு வரைபடம்) கையில் இருக்க வேண்டும். அந்த இடம் 'வாய்க்கால் புறம்போக்கு' என்று காகிதத்தில் இல்லாவிட்டால் எங்கேயும் நிற்க முடியாது.

செலவு குறைந்த வழி கோட்டாட்சியர்தான். பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 152-ஆம் பிரிவு (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 133) பொதுக் கால்வாயில் உள்ள தடையை அகற்ற உத்தரவிடும் அதிகாரத்தை அவருக்குத் தருகிறது. வக்கீல்கூட வேண்டாம். ஆனால் எதிர்த்தரப்பு, 'இதில் பொது உரிமையே இல்லை' என்று மறுத்து, அதற்கு நம்பத்தக்க ஆதாரமும் காட்டிவிட்டால், உரிமையியல் நீதிமன்றம் முடிவு சொல்லும்வரை விஷயம் நின்றுவிடும். எங்கள் வழக்கில் சுவர் கட்டியவர் கையில் ஒரு பட்டா இருந்தது. அதனால் இந்த வழியைக் கைவிட்டோம்.

சுற்றுச்சூழல் வழக்குகளை விசாரிக்கும் தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு சென்னையில் இருக்கிறது. நான் அங்கே வழக்கு நடத்தியதில்லை, சட்டத்தைப் படித்த அளவில்தான் சொல்கிறேன். பிரச்சினை முதலில் எழுந்த நாளிலிருந்து 6 மாதத்துக்குள் போக வேண்டும். தக்க காரணம் இருந்தால் இன்னும் 60 நாள் தரலாம். எங்கள் சுவருக்கு அதற்குள் இரண்டு வயதாகிவிட்டது. கால்வாயில் கழிவுநீர் விடுகிறார்கள், குப்பை கொட்டி மூடுகிறார்கள் என்றால், நான் முதலில் இங்கேதான் போவேன்.

சரி, ஏன் ரிட்? உத்தரவு வாங்குவதைவிட அதை நடக்கவைப்பதுதான் பெரிய வேலை. 1905-ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டத்தில் 7-ஆம் பிரிவில் நோட்டீஸ், 6-ஆம் பிரிவில் அகற்றுதல் என்று எல்லா அதிகாரமும் வருவாய்த் துறையிடம் ஏற்கெனவே இருக்கிறது. பொதுப்பணித் துறை ஏரிகளுக்கென்று 2007-இல் தனிச் சட்டமும் வந்தது. எங்களுடையது ஊராட்சி ஒன்றியத்தின் பொறுப்பில் உள்ள கண்மாய் என்பதால் 1905 சட்டத்தையே பிடித்தோம். அதிகாரம் இருந்தும் அதிகாரி அசையாதபோது அவரை அசைக்கும் கருவிதான் நமக்கு வேண்டும். உயர் நீதிமன்ற உத்தரவில் சொன்ன கெடு தாண்டினால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம். அதில் அதிகாரி பெயரோடு பதில் சொல்ல வேண்டிவரும். எங்களுக்கு 12 வாரம் கெடு விதித்தார்கள். 12 வாரமும் ஒன்றும் நடக்காமல் போனது. அவமதிப்பு மனு போட்ட பிறகுதான் சர்வேயர் சங்கிலியோடு வந்தார். அதன் பிறகு நோட்டீஸ், விசாரணை என்று முறைப்படி நடந்து சுவர் இடிந்தது.

இதில் ஒரு பள்ளம் உண்டு. 'மனுவைப் பரிசீலிக்க வேண்டும்' என்று மட்டும் கேட்டு உத்தரவு வாங்காதீர்கள். அதிகாரி பரிசீலித்து, 'ஆக்கிரமிப்பு இல்லை' என்று ஒரு வரி எழுதினாலே உத்தரவை நிறைவேற்றியதாக ஆகிவிடும். அவமதிப்புக்கு இடமே இருக்காது, புதிதாக வழக்குப் போட வேண்டும். சர்வே எண்ணைக் குறிப்பிட்டு, இரு தரப்பையும் வைத்து அளக்க வேண்டும், ஆக்கிரமிப்பு இருந்தால் 1905 சட்டப்படி இத்தனை வாரத்தில் அகற்ற வேண்டும் என்று கோரிக்கையிலேயே எழுதச் சொல்லுங்கள். எங்கள் வக்கீல் முதலில் எழுதிய வரைவில் 'பரிசீலிக்க' என்றுதான் இருந்தது. சண்டை போட்டு மாற்றினோம். அவமதிப்பு மனுவுக்கும் ஓராண்டு வரம்பு இருக்கிறது, கெடு முடிந்த தேதியைக் குறித்துவையுங்கள்.

இதெல்லாம் வசதியான ஒருவர் கட்டிய சுவரை வைத்துச் சொன்னது. கரையில் பல காலமாகக் குடியிருக்கும் ஏழைக் குடும்பங்கள் என்றால் மாற்று இடம் கேட்பதையும் சேர்த்தே யோசிக்க வேண்டும். அந்த வழக்கை நான் நடத்தியதில்லை, அதனால் இதே வழியில் போங்கள் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.