சூடேறினால் சாகும், ஆறினால் பிழைக்கும்: கிராங்க் சென்சாரோடு நீண்ட நாள் பழகியதில் தெரிவது

ஒரு மணி நேரம் ஒழுங்காக ஓடிய கார், சிக்னலில் நிற்கும்போதோ மேட்டில் ஏறும்போதோ சட்டென்று அணைந்துவிடும். சாவியைத் திருப்பினால் ஸ்டார்ட்டர் நன்றாகவே சுற்றும், என்ஜின் மட்டும் பிடிக்காது. இருபது முப்பது நிமிடம் கழித்து, எதுவுமே நடக்காததுபோல் ஒரே சுற்றில் பிடித்துக்கொள்ளும். பட்டறைக்குப் போய்ச் சேர்வதற்குள் வண்டி ஆறியிருக்கும். எதைச் சோதித்தாலும் சரியாகவே காட்டும். முதலில் ரிலேயை மாற்றுவார்கள், அப்புறம் ஃபியூயல் பம்ப், அப்புறம் இக்னிஷன் ஸ்விட்ச். கிராங்க் சென்சார்தான் காரணம் என்று தெரிவதற்குள் பாதி வண்டி புதிதாகியிருக்கும்.

கிராங்க் ஷாஃப்ட் இந்த நொடியில் எந்தக் கோணத்தில் இருக்கிறது, எவ்வளவு வேகத்தில் சுற்றுகிறது என்று, என்ஜினைக் கட்டுப்படுத்தும் கணினியான ஈசியூவுக்குச் சொல்வது இந்தச் சென்சாரின் வேலை. ஃபிளைவீலிலோ முன்பக்கப் புல்லியிலோ பிளாக்கின் உள்ளேயோ ஒரு பல்சக்கரம் இருக்கும். பல வண்டிகளில் அது 60 பல்லுக்கான சக்கரம், ஆனால் 58 பல்தான் இருக்கும். இரண்டு பல் இல்லாத அந்த வெற்றிடம்தான் அடையாளக் குறி. மற்றபடி பல்லுக்குப் பல் 6 பாகை. 36 பல்லில் ஒன்று குறைந்த சக்கரமும் உண்டு. இந்தக் கணக்கு வரவில்லை என்றால் ஈசியூ ஸ்பார்க்கையும் இன்ஜெக்டரையும் நிறுத்திவிடும், பெரும்பாலான வண்டிகளில் ஃபியூயல் பம்பையும் சேர்த்து. பம்ப் செத்துவிட்டது என்று தப்புக் கணக்குப் போடுவது இதனால்தான். பம்ப் ஓடவில்லை என்பது உண்மை. அதை ஓடவிடாதது சென்சார். டீசல் வண்டியில் ஸ்பார்க் கிடையாதே தவிர, நிலைமை இதேதான்.

எல்லா என்ஜினும் உடனே செத்துவிடும் என்றும் சொல்ல முடியாது. சில வண்டிகளில், வால்வுகளை இயக்கும் கேம் ஷாஃப்ட்டின் நிலையைச் சொல்லும் கேம் சென்சாரை மட்டும் வைத்துக்கொண்டு ஈசியூ சமாளிக்கும். அப்போது நீண்ட நேரம் சுற்றவிட்டால்தான் பிடிக்கும், இழுவை குறைவாக இருக்கும்.

செலவில்லாத முதல் சோதனை, என்ஜின் வேகம் காட்டும் ஆர்பிஎம் முள். ஓடும்போது என்ஜின் அணையும் அந்தக் கணத்தைக் கவனிக்க வேண்டும். எரிபொருள் தடைபட்டு அணைந்தால் முள் என்ஜினோடு சேர்ந்து இறங்கும். கிராங்க் சிக்னல் அறுந்தால், வண்டி இன்னும் உருண்டுகொண்டிருக்கும்போதே முள் பூஜ்யத்துக்கு விழும். பிடிக்காத நேரத்தில் ஸ்டார்ட்டரைச் சுற்றும்போது முள் கொஞ்சமாவது அசைகிறதா என்றும் பார்க்கலாம். ஆனால் சில வண்டிகளில் நல்ல நிலையிலும் அப்போது முள் எழும்பாது. ஆகவே உங்கள் வண்டி வழக்கமாக என்ன செய்யும் என்று முன்கூட்டியே தெரிந்திருந்தால்தான் இந்தச் சோதனைக்கு மதிப்பு. இதைவிட நம்பகமானது, ஈசியூவோடு பேசி அதன் தகவலைக் காட்டும் ஸ்கேனர். நேரடித் தகவலில் என்ஜின் வேகத்தைத் திறந்து வைத்துக்கொண்டு ஸ்டார்ட்டரைச் சுற்றினால் 150 முதல் 250 வரை ஏதோ ஒரு எண் வர வேண்டும். பூஜ்யமே நின்றால் சிக்னல் ஈசியூவுக்குப் போய்ச் சேரவில்லை.

ஈசியூ பதிந்துவைக்கும் கோளாறுக் குறியீடுகளை, அதாவது கோடுகளைப் பொறுத்தவரை, பி0335 என்பது சர்க்யூட் கோளாறு, பி0336 சிக்னல் ஒழுங்கில்லை, பி0337 அளவு குறைவு, பி0338 அளவு அதிகம், பி0339 விட்டுவிட்டு வருகிறது. இதில் எதுவும் 'சென்சாரை மாற்று' என்று சொல்லவில்லை. சென்சார், ஒயர், ஒயரை மாட்டும் கப்ளர், ஈசியூ நான்கையும் சேர்த்துத்தான் சொல்கிறது. பி0016 வந்தால் சென்சாரைத் தொடுவதற்கு முன்னால் டைமிங் பெல்ட் அல்லது செயின் பல் தாண்டியிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். கோடே விழாமல் போவதும் சகஜம். வண்டி அணைந்ததை ஓட்டுநர் சாவியைத் திருப்பியதாகவே ஈசியூ எடுத்துக்கொள்ளும் வண்டிகள் இருக்கின்றன. கோடு இல்லை என்பதற்காகச் சென்சாருக்கு நற்சான்று கொடுத்துவிடக் கூடாது.

மீட்டரை வைப்பதற்கு முன்

எந்த வகைச் சென்சார் என்று தெரியாமல் மீட்டரை வைக்கக் கூடாது. இரண்டு ஒயர் என்றால் பெரும்பாலும் காயில் வகை: காந்தமும் செம்புக் கம்பிச் சுருளும் மட்டும். மூன்று ஒயர் என்றால் பெரும்பாலும் ஹால் வகை: உள்ளே மின்னணுச் சில்லு, மின்சாரம் கொடுத்தால்தான் பேசும். ஆனால் காயில் வகையிலும் இரைச்சல் தடுக்கும் ஷீல்டு ஒயர் மூன்றாவதாக வருவதுண்டு. ஒயரிங் படத்தைப் பார்த்து உறுதிசெய்வதே சரி. ஹால் சென்சாரில் ஓம் அளவு பார்ப்பதால் ஒன்றும் தெரியாது. மீட்டர் அனுப்பும் மின்சாரம் சில்லைக் கெடுத்துவிடவும் கூடும்.

காயில் வகையில் பெரும்பாலான சென்சார்கள் 200 முதல் 1500 ஓமுக்குள் காட்டும். எந்த எண் சரி என்பதை அந்த என்ஜினின் சர்வீஸ் புத்தகம்தான் சொல்ல வேண்டும். ஆறிய நிலையில் சரியான ஓம் காட்டியதால் சென்சார் நல்லது என்று முடிவுகட்டுவதுதான் இந்த விஷயத்தில் நடக்கும் மிகப் பெரிய தவறு. சுருளில் உள்ள மயிரிழைக் கம்பி, சூட்டில் உடல் விரியும்போதுதான் பிரிகிறது. வண்டி அணைந்த உடனே, சூடு குறைவதற்குள் கப்ளரைக் கழற்றி அளக்க வேண்டும். அதற்கு வழியில்லை என்றால் சென்சாரைக் கழற்றி, மீட்டரை மாட்டியபடியே ஹேர் டிரையரால் மெதுவாகச் சூடாக்கிப் பார்க்கலாம்.

அப்படிச் சூடாக்கும்போது ஓம் ஏறும். அதைக் கண்டு பயந்து நல்ல சென்சாரைத் தூக்கிப் போட்டவர்கள் உண்டு. செம்பின் தடை ஒவ்வொரு டிகிரி செல்சியசுக்கும் சுமார் 0.39 சதவீதம் ஏறுவது இயற்கை. 20 டிகிரியில் 800 ஓம் காட்டிய சுருள் 100 டிகிரியில் ஏறக்குறைய 1050 காட்டினால் அது ஆரோக்கியம். சீராக ஏறாமல் எண் குதித்தாலோ, திடீரென்று முடிவிலி ஆனாலோதான் கோளாறு. ஒவ்வொரு முனைக்கும் பாடிக்கும் இடையேயும் பார்க்க வேண்டும். அங்கே எந்தச் சூட்டிலும் தொடர்பே இருக்கக் கூடாது.

அடுத்தது ஏசி வோல்ட். ஸ்டார்ட்டரைச் சுற்றும்போது காயில் சென்சார் அரை வோல்ட்டுக்குக் குறையாமல் கொடுத்தால் பொதுவாக நல்லது. இங்கே ஒரு கண்ணி இருக்கிறது. இந்த வகைச் சென்சாரின் வோல்ட் சுற்றும் வேகத்தோடு ஏறி இறங்கும். பேட்டரி நலிந்து ஸ்டார்ட்டர் இழுத்து இழுத்துச் சுற்றினால் சிக்னலும் மெலிந்து பி0335 விழுந்துவிடும். முதலில் பேட்டரியைச் சார்ஜ் செய்துவிட்டு அப்புறம் அளப்பதே முறை. ஹால் வகையில் இந்தத் தொல்லை இல்லை. மெதுவாகச் சுற்றினாலும் அலையின் உயரம் அப்படியே இருக்கும்.

ஹால் சென்சாருக்கு, கப்ளரைக் கழற்றி இக்னிஷனை ஆன் செய்து, வண்டி ஒயர் பக்கம் அளக்க வேண்டும். ஒரு ஒயரில் 5 வோல்ட் அல்லது 12 வோல்ட் வரும், ஒன்று எர்த், சிக்னல் ஒயரில் ஈசியூ அனுப்பும் வோல்ட், பெரும்பாலும் 5, இருக்கும். இந்த மூன்றில் ஒன்று இல்லையென்றால் புதுச் சென்சார் வாங்கிப் பயனில்லை, ஒயரைத் தேடுங்கள். மூன்றும் சரி என்றால் கப்ளரை மாட்டி, பின்பக்கமாக மெல்லிய ஊசியை நுழைத்து, ஃபிளைவீலைக் கையால் மெதுவாகச் சுற்றினால் சிக்னல் மேலும் கீழுமாக மாற வேண்டும். சிக்னலை அலையாகத் திரையில் காட்டும் ஆசிலோஸ்கோப் இருந்தால் இன்னும் தெளிவு: ஒவ்வொரு சுற்றிலும் ஒரே இடத்தில் ஒரு பல் சிதைந்து தெரிந்தால் குற்றம் சக்கரத்தில், எங்கே என்றில்லாமல் அலை அறுந்தால் சென்சாரிலோ ஒயரிலோ.

மீட்டரே இல்லாதபோது ஒரு கைவைத்தியம். வண்டி சூட்டில் அணைந்து பிடிக்காமல் நிற்கும்போது சென்சாரின் மேல் மட்டும் கொஞ்சம் தண்ணீரை ஊற்ற வேண்டும். ஐந்து நிமிடத்துக்குள் பிடித்துக்கொண்டால் சந்தேகம் கிட்டத்தட்ட உறுதி. பக்கத்தில் எக்ஸாஸ்ட் குழாயோ ஆல்டர்னேட்டரோ இருந்தால் இந்த வேலை வேண்டாம்.

ஒயரைப் பற்றி ஒரு வார்த்தை. அளவை சென்சார் முனையில் மட்டும் எடுக்காமல், பேட்டரியைக் கழற்றிவிட்டு ஈசியூ கப்ளரிலிருந்தும் எடுத்துப் பார்க்க வேண்டும். இரண்டு இடத்திலும் ஒரே ஓம் வந்தால் நடுவில் உள்ள ஒயர் சரி. அளக்கும்போதே ஒயரை ஆட்டிப் பார்க்க வேண்டும். எக்ஸாஸ்ட் அருகே வெந்த ஒயர், கப்ளருக்குள் புகுந்த ஆயில், பச்சை படிந்த கப்ளர் ஊசி, தளர்ந்த ஊசி ஆகியவை சென்சார் கோளாறின் எல்லா அறிகுறியையும் அச்சு அசலாகக் காட்டும்.

கழற்றுவதும் மாட்டுவதும்

இடம் என்ஜினுக்கு என்ஜின் மாறும்: கியர்பாக்ஸின் மணி வடிவ உறையின் மேல், ஸ்டார்ட்டருக்குப் பின்னால், முன்பக்கப் புல்லி ஓரம். என்ஜின் நன்றாக ஆறட்டும். பேட்டரியின் மைனஸ் முனையைக் கழற்றியே ஆக வேண்டும். ஸ்டார்ட்டரை நகர்த்த வேண்டிய வண்டியில் அதைச் செய்யாமல் ஸ்பேனரை வைத்தால் தீப்பொறி நிச்சயம். அடியில் இறங்குவதென்றால் ஜாக்கியை நம்பாமல் ஸ்டாண்டு வைக்க வேண்டும். முதலில் சுற்றியுள்ள மண்ணையும் ஆயிலையும் துடைத்துவிடுங்கள். சென்சாரை எடுத்த துளை வழியே எது விழுந்தாலும் பல்சக்கரத்துக்குத்தான் போகும்.

பிடித்திருப்பது பெரும்பாலும் ஒரே ஒரு போல்ட், 10 எம்எம் தலை. வேலை சுலபம் என்று நினைப்பது இங்கேதான் முடியும். பல வருடம் சூட்டிலும் துருவிலும் இருந்த சென்சார் துளைக்குள் இறுகிப் போயிருக்கும். ஸ்க்ரூ டிரைவரால் நெம்பினால் பிளாஸ்டிக் தலை கையோடு வரும், முனை உள்ளேயே தங்கும். துரு இளக்கும் எண்ணெயை அடித்து அரை மணி நேரம் விட்டு, நேராக இழுக்காமல் இடமும் வலமுமாகத் திருகித் திருகி எடுக்க வேண்டும். உடைந்தே போனால் மீதியை உள்ளே தள்ளிவிடக் கூடாது. ஃபிளைவீல் பக்கம் விழுந்த துண்டை எடுக்கக் கியர்பாக்ஸைக் கழற்ற வேண்டி வரும். உள்ளே தங்கிய சென்சார் துண்டில் திருகு ஆணியைக் கவ்வவிட்டுத்தான் வெளியே இழுக்க வேண்டும்.

வெளியே வந்த சென்சாரின் முனையைப் பாருங்கள். இரும்புத் தூள் மீசை போல ஒட்டியிருந்தால் சென்சார் நிரபராதியாகக்கூட இருக்கலாம். ஸ்டார்ட்டர் பல்லோ, அது கடிக்கும் ஃபிளைவீல் ஓரத்து ரிங் கியரோ தேய்கிறது. முனையில் உராய்ந்த கோடு இருந்தால் பல்சக்கரம் ஆடுகிறது அல்லது இடைவெளி போதவில்லை.

புதியதைப் பழையதோடு பக்கத்தில் வைத்து நீளத்தை ஒப்பிடுவது கட்டாயம். முனைக்கும் பல்லுக்கும் இடைவெளி பொதுவாக 0.5 முதல் 1.5 மில்லிமீட்டர்தான். ஒரு மில்லிமீட்டர் குட்டையான போலிச் சென்சார் ஐடிலில் வேலை செய்யும், ஸ்டார்ட்டில் காலை வாரும். துளையைத் துணியால் துடைத்து, சென்சாரைச் சுற்றியுள்ள ரப்பர் வளையமான ஓ-ரிங்கில் ஒரு துளி என்ஜின் ஆயில் தடவி, கையால் அழுத்திச் சேர்க்க வேண்டும். போல்ட்டைப் போட்டு இழுத்துச் சேர்க்கக் கூடாது, சென்சாரில் போல்ட் நுழையும் காது உடையும். இறுக்கம் பல வண்டிகளில் 8 முதல் 10 நியூட்டன் மீட்டர். மணிக்கட்டின் பலமே போதும். காயில் சென்சாரின் கப்ளரை வெட்டி ஒயர் சேர்க்க நேர்ந்தால் இரண்டு ஒயரும் இடம் மாறக் கூடாது. மாறினால் அலை தலைகீழாகி, வண்டி பிடிக்காது அல்லது இடித்து இடித்து ஓடும். பழைய ஒயர் போன பாதையிலேயே, பழைய கிளிப்புகளிலேயே புது ஒயரும் போக வேண்டும். வெப்பத் தடுப்புத் தகடு இருந்தால் அதைத் திரும்ப மாட்டாமல் விடுவது, அடுத்த சென்சாருக்கு இப்போதே நாள் குறிப்பதுதான்.

கோளாறுக் கோடை ஸ்கேனரில் அழித்து ஓட்டிப் பார்த்ததோடு எல்லா வண்டியிலும் வேலை முடிவதில்லை. பல்சக்கரத்தின் சின்னச் சின்ன வித்தியாசங்களை ஈசியூ மறுபடி கற்க வேண்டிய என்ஜின்கள் இருக்கின்றன. ஸ்கேனரில் அதற்கான கட்டளையைக் கொடுத்து, என்ஜின் சூடான நிலையில், அது கேட்கும் ஆர்பிஎம்முக்கு ஏற்றி விட வேண்டும். விட்டுவிட்டால் பி0315 விழும், அல்லது இல்லாத மிஸ்ஃபயரை (சிலிண்டரில் எரிபொருள் சரியாக எரியாமல் போவதை) ஈசியூ இருப்பதாகச் சொல்லும்.

மாற்றிய பிறகு வரும் மாதங்கள்

முதல் வாரத்தில் எல்லாச் சென்சாரும் நல்ல சென்சார்தான். வித்தியாசம் தெரிவது முதல் கடும் வெயில் காலத்தில், நெரிசலில் ஏசி போட்டு நிற்கும்போது. நிறுவனத்தின் அசல் பாகமோ, கார் தயாரிப்பாளர்களுக்கே சப்ளை செய்யும் போஷ், டென்சோ, ஹெல்லா போன்றவர்களின் பாகமோ போட்டால், முதலில் வந்த சென்சார் உழைத்த அளவுக்கு இதுவும் உழைக்கும் என்று எதிர்பார்க்கலாம். ஒரு லட்சம் கிலோமீட்டர் தாண்டுவது அதிசயமில்லை. பெயரில்லாத மலிவுப் பாகம் சில மாதத்தில் பழைய நோயையே திரும்பக் கொண்டுவருவது வழக்கம். அப்போது 'சென்சார்தான் புதுசு ஆயிற்றே' என்று அதை விட்டுவிட்டு வேறெங்கோ தேட ஆரம்பிப்பார்கள்; செலவு அங்கேதான் இரட்டிப்பாகும். மலிவுப் பாகத்தில் மிச்சமாகும் பணம், ஸ்டார்ட்டரை இரண்டாம் முறை கழற்றும் கூலிக்குக் காணாது. ஓடும்போது அணைந்தால் பவர் ஸ்டீயரிங் கனக்கும், பிரேக் பூஸ்டரில் ஒன்றிரண்டு மிதிக்குத்தான் உதவி மிஞ்சும் என்பதையும் சேர்த்துக் கணக்குப் பார்க்க வேண்டும்.

முதல் ஆயில் மாற்றும்போது ஓ-ரிங் ஓரம் கசிகிறதா, ஒயர் எங்காவது உரசுகிறதா என்று ஒரு பார்வை போதும். பின்பக்க கிராங்க் சீல் ஒழுகி ஆயில் கப்ளருக்குள் இறங்கும் வண்டியில், சீலைச் சரிசெய்யாமல் சென்சாரை மட்டும் மாற்றினால் நிலைக்காது. சில என்ஜின்களில் பல்சக்கரத்துக்குப் பதிலாக அந்தச் சீலோடு சேர்ந்த காந்த வளையமே இருக்கும். அங்கே சீலை ஒரு மில்லிமீட்டர் அதிகம் தள்ளிப் பொருத்தினாலும், பக்கத்தில் வலுவான காந்தத்தைக் கொண்டுபோனாலும் சிக்னல் கெட்டுவிடும்.

நல்ல சென்சார், நல்ல ஒயர் என்று உறுதியான பிறகும் பி0336 திரும்பத் திரும்ப வந்தால், அதுவும் கிளட்ச் வேலை முடிந்த வண்டியில் வந்தால், மூன்றாவது சென்சார் வாங்கப் போக வேண்டாம். சென்சாரைக் கழற்றி, துளை வழியே டார்ச் அடித்து, முன்பக்கப் புல்லி போல்ட்டில் சாக்கெட்டை மாட்டி என்ஜின் சுற்றும் திசையிலேயே கையால் ஒரு முழுச் சுற்று சுற்றுங்கள். ஒவ்வொரு பல்லாக எண்ண வேண்டும். வளைந்த பல், உடைந்த பல், இல்லையென்றால் வேறு என்ஜினுக்கான ஃபிளைவீல், மூன்றில் ஒன்று அங்கே காத்திருக்கும்.