வெட்டவெளியே அரங்கமாக: ‘எ கோல்ட் இஸ் மை பாஸ்போர்ட்’

ஜப்பானின் நிக்காட்சு நிறுவனம் 1950களின் பிற்பகுதியிலிருந்து பத்தாண்டுகளுக்கும் மேலாக விரைவாகவும் சிக்கனமாகவும் எடுத்துக் குவித்த குற்றப்படங்களில், தகாஷி நோமுரா இயக்கி 1967இல் வெளிவந்த இந்தக் கறுப்பு வெள்ளைப் படத்தையே நான் முதலில் பரிந்துரைப்பேன். படம் 84 நிமிடமே ஓடுகிறது.

கதை எளியது. கூலிக்கொலையாளி காமிமுரா ஒரு கும்பல் தலைவனைச் சுட்டு வீழ்த்திவிட்டு, கூட்டாளி ஷியோசாக்கியுடன் நாட்டைவிட்டு வெளியேற முயல்கிறான். வழி அடைபடவே இருவரும் யோக்கோஹாமாவில் ஒரு விடுதியில் பதுங்குகிறார்கள். அதற்குள் பகைக் கும்பல்கள் சமாதானமாகிவிட, அவனை ஏவியவர்களும் அவன் உயிரைக் கேட்கிறார்கள்.

படத்தைத் தாங்குவது காமிமுராவாக வரும் ஜோ ஷிஷிடோ. அறுவைச் சிகிச்சையால் தம் கன்னங்களைப் பருமனாக்கிக்கொண்ட இந்த நடிகர், இங்கே அந்த முகத்தை ஏறக்குறைய அசைப்பதே இல்லை. ஆசாரி உளியைக் கையாளும் நிதானத்தோடு துப்பாக்கியைக் கையாள்கிறார். வசனம் சொல்ல வேண்டியதைக் கைகளின் வேலையே சொல்லிவிடுகிறது. ஹருமி இபேயின் இசையில் இத்தாலிய கௌபாய் படங்களின் சாயல் வெளிப்படையாகவே இருக்கிறது. இருந்தும் அது இரவல் வாங்கியதாக உறுத்தவில்லை, ஏனெனில் காமிமுராவின் தனிமைக்கு அந்த ஓசை அவ்வளவு பொருந்துகிறது.

விடுதிப் பணிப்பெண் மினாவின் பாத்திரம் போதிய அளவு எழுதப்படவில்லை. அவளுடைய ஏக்கத்துக்கு இடம் கொடுத்திருந்தால் நடுப்பகுதியின் தொய்வு குறைந்திருக்கும். கூட்டாளியாக நடித்த ஜெரி ஃபுஜியோ கிதாருடன் பாடும் காட்சியும் அவருடைய பாடகர் புகழை முன்னிட்டுச் சேர்க்கப்பட்டதாகவே தோன்றுகிறது.

ஆனால் இறுதிக் காட்சி, குறைந்த செலவில் எடுக்கப்படும் படம் எதைச் சாதிக்க முடியும் என்பதற்கு நான் அறிந்த மிகச் சிறந்த சான்று. தூர்த்து நிரப்பிய நிலத்தில், மரமோ சுவரோ மறைவுக்கு இல்லாத வெளியில், காமிமுரா தனியாளாகக் குழி தோண்டுகிறான். எதற்கு என்று படம் முன்கூட்டிச் சொல்வதில்லை, நானும் சொல்லப்போவதில்லை. அரங்க அமைப்புக்குப் பணம் தேவைப்படாத அந்த இடத்தில், ஷிகெயோஷி மினேயின் அகலத்திரை ஒளிப்பதிவு புழுதியையும் அடிவானத்தையும் கொண்டே அச்சத்தை எழுப்புகிறது. கைப்பேசித் திரையில் இந்தக் காட்சியின் தொலைவுகள் சுருங்கிவிடும் என்பதால், கிடைக்கக்கூடிய பெரிய திரையில், விளக்குகளை அணைத்துவிட்டுப் பாருங்கள்.