மேரியா, கீர்த்தியா?

மலையாளத்தின் பதின்வயதுக் காதலுக்கு ஒரே ஒரு படம் பார்க்கலாம் என்றால் ‘பிரேமம்’ (2015) நல்லதா, ‘தண்ணீர்மத்தன் தினங்கள்’ (2019) நல்லதா?

என் ஓட்டு இரண்டாவதற்கு. பாட்டும் ஏக்கமும் ‘பிரேமம்’ பக்கம்தான்: ஆலுவாவின் நீர்ப்பாலம், நாயகன் ஜார்ஜ் காதலிக்கும் மேரியின் சுருட்டைமுடி, அவள் பின்னால் அலையும் பையன்கள். அவள் விரும்பும் வேறொருவன் பெயரும் ஜார்ஜ் என்பது நல்ல குறும்பு. ஆனால் மேரி தூரத்து ஓவியமாகவே நின்றுவிடுகிறாள்.

கிரீஷ் ஏ.டி. இயக்கிய ‘தண்ணீர்மத்தன் தினங்க’ளிலோ பிளஸ் டூ வகுப்பே உலகம். புதிய ஆசிரியரைப் பார்த்தாலே மாணவன் ஜெய்சனுக்கு எரிகிறது. எல்லோருக்கும் அவரைப் பிடித்துப்போவது வேறு கொடுமை! ஜெய்சன் விரும்பும் கீர்த்திக்கோ சொந்தப் புத்தி இருக்கிறது. ஜெய்சனிடம் முடியாது என்று சொல்லவும் அவளுக்குத் தெரியும். பையன்கள் கடையில் தர்ப்பூசணிச் சாறு குடிக்கிறார்கள். தலைப்பிலுள்ள தண்ணீர்மத்தன் அதுதான்.