சார்லஸா, லூயியா: தலை போன இரண்டு ராஜாக்கள்

முடியிழந்த ஐரோப்பிய மன்னர்களில் ஒருவரை எடுத்துக்கொண்டு அரை மணி நேரம் பேச வேண்டும் என்றார்கள் எங்கள் வாசகர் வட்டத்தில். ரஷ்யாவின் இரண்டாம் நிக்கோலஸை முதலிலேயே ஒதுக்கிவிட்டேன். 1918-ல் யெகாத்தெரின்பர்கில் ஒரு வீட்டின் கீழ்த்தளத்தில் வைத்துக் குடும்பத்தோடு சுட்டுக் கொன்றார்கள். விசாரணை என்று ஒன்றும் இல்லை. இங்கிலாந்தின் இரண்டாம் ஜேம்ஸ் 1688-ல் பிரான்சுக்கு ஓடித் தப்பித்துக்கொண்டார். எனக்கு வேண்டியது நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்ட ராஜா. மிஞ்சியவர்கள் இங்கிலாந்தின் முதலாம் சார்லஸும் பிரான்சின் பதினாறாம் லூயியும். லூயியின் தலையை வெட்டிய கில்லட்டின் இயந்திரத்தின் கதை என்றால் கூட்டம் கூடும் என்று தெரிந்தும் சார்லஸைத்தான் எடுத்தேன்.

இருவருக்கும் பொதுவானவை எல்லோருக்கும் தெரிந்தவை. கஜானா காலி, வரிப் பணத்துக்காக அவையைக் கூட்டியதும் பிடித்த வினை, ஊர் வெறுத்த வெளிநாட்டு ராணி. இருவரும் காவலிலிருந்து ஓடிப் பார்த்தார்கள்: சார்லஸ் 1647-ல் ஹாம்ப்டன் கோர்ட்டிலிருந்து வைட் தீவுக்கு, லூயி 1791-ல் வரேன் என்ற ஊர் வரைக்கும். இருவரின் ரகசியக் கடிதங்களும் எதிரிகள் கையில் சிக்கின. இருவருக்கும் தலை போனது ஜனவரியில்தான்.

இதில் ஒரு வேடிக்கை, லூயி சார்லஸின் கதையை நன்றாகப் படித்தவர். வான் டைக் வரைந்த சார்லஸின் வேட்டைக்கோல ஓவியம் 1775-ல் அவருடைய சேகரிப்புக்கே வந்து சேர்ந்தது; இன்று லூவர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. சார்லஸ் படை திரட்டிச் சொந்த மக்களோடு மோதினார். லூயி அதை மட்டும் செய்யவில்லை. செய்யாமலும் போய்ச் சேர்ந்த இடம் அதேதான்.

சரி, நான் சார்லஸ் பக்கம் சாய்ந்ததற்குக் காரணம் ஒன்றே ஒன்று: 'என்னை விசாரிக்க நீ யார்?' என்ற கேள்வியை இருவரும் கையாண்ட விதம்.

1648 டிசம்பர் 6-ம் தேதி, சார்லஸைப் போரில் தோற்கடித்த பார்லிமெண்ட் ராணுவத்தின் கர்னல் பிரைட் சிப்பாய்களோடு பார்லிமெண்ட் வாசலில் நின்று, ராணுவத்துக்குப் பிடிக்காத உறுப்பினர்களைத் தடுத்துத் திருப்பி அனுப்பினார். உள்ளே விடப்பட்ட சொற்பப் பேர், பிரபுக்கள் சபை மறுத்தும் கேட்காமல், சார்லஸை விசாரிக்க ஒரு தனி நீதிமன்றத்தை அமைத்தார்கள். 135 பேரை நியமித்தார்கள். அதில் பலர் அந்தப் பக்கமே எட்டிப் பார்க்கவில்லை. தலைமை தாங்கிய ஜான் பிராட்ஷா, யாராவது சுட்டுவிடுவார்களோ என்ற பயத்தில் உள்ளே இரும்புத் தகடு வைத்த தொப்பியைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார்.

1649 ஜனவரி 20, வெஸ்ட்மின்ஸ்டர் மண்டபம். அரசுத் தரப்பு வக்கீல் ஜான் குக் குற்றப்பத்திரிகையை வாசிக்க எழுந்ததும், நிறுத்தச் சொல்லி சார்லஸ் கைத்தடியால் அவர் தோளில் தட்டினார். தடியின் வெள்ளிப் பூண் கழன்று கீழே விழுந்தது. யாராவது எடுத்துத் தருவார்கள் என்று பார்த்தார். ஒருவரும் அசையவில்லை. கடைசியில் ராஜாவே குனிந்து எடுத்துக்கொண்டார். சிறு வயதிலிருந்தே திக்குவாய்க்காரர், ஆனால் அன்று பேச்சு தடுமாறவில்லை என்கிறார்கள். எந்தச் சட்டப்படியான அதிகாரத்தில் என்னை இங்கே கொண்டுவந்தீர்கள், அதைச் சொல்லுங்கள், பிறகு பதில் சொல்கிறேன் என்றார். மூன்று அமர்வுகளிலும் அதே பதில்தான். குற்றவாளியா இல்லையா என்று அவர் வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை.

இது வெறும் ராஜ திமிர் இல்லை. சட்டமில்லாத பலம் என்னையே இப்படிச் செய்யும் என்றால் இங்கிலாந்தில் எந்தக் குடிமகனின் உயிருக்கு உத்தரவாதம் என்று அவர் வாதம் ஒருபடி மேலே போனது. பிராட்ஷா திண்டாடிப் போனார். பதினொரு வருஷம் பார்லிமெண்டைக் கூட்டாமல் ஆண்ட, கடலோர ஊர்களுக்கான கப்பல் வரியை உள்நாட்டு ஊர்களுக்கும் நீட்டிய மனுஷன் குடிமக்களின் உரிமையைப் பற்றிப் பேசுகிறாரே என்று சிரிப்பும் வரத்தான் செய்கிறது. குக்கின் வாதமும் லேசுப்பட்டதில்லை: நாட்டுச் சட்டப்படி ஆளத்தான் ராஜாவிடம் அதிகாரம் ஒப்படைக்கப்பட்டது, அது அளவுக்குட்பட்டது என்றார். இரண்டு பக்கமும் கனமான வழக்கு.

இப்போது லூயி. சட்டத்தைப் பார்த்தால் அவருடைய பிடிதான் உறுதி. அரசரின் உடல் புனிதமானது, மீற முடியாதது என்று 1791 அரசியல் சாசனமே எழுதி வைத்திருந்தது. படை திரட்டி நாட்டுக்கு எதிராக நின்றாலும் பதவி துறந்ததாகக் கருதப்படுவார், அவ்வளவுதான். ஆனால் 1792 டிசம்பர் 11-ம் தேதி தேசிய கன்வென்ஷன் என்ற புரட்சிக் காலச் சட்டமன்றத்தின் முன் நிறுத்தியதும் அவர் கேள்வி கேள்வியாகப் பதில் சொல்லத் தொடங்கிவிட்டார். இது அமைச்சர்கள் பொறுப்பு, அப்போது அதைத் தடுக்கும் சட்டம் இல்லை, இந்தக் காகிதம் எனக்குத் தெரியாது. பதில் சொன்ன நிமிஷமே அந்த மன்றத்தை ஏற்றுக்கொண்டதாக ஆகிவிட்டது. 'நீதிபதிகளைத் தேடுகிறேன், குற்றம் சாட்டுபவர்களே தெரிகிறார்கள்' என்ற கூர்மையான வரியைச் சொன்னது அவருடைய வக்கீல் தெ செஸ், அதுவும் டிசம்பர் 26-ல். எனக்குப் பிரெஞ்சு தெரியாது, மொழிபெயர்ப்பில் படித்ததுதான். லூயியின் குரலை நான் குறைத்து மதிப்பிட்டிருக்கலாம்.

லூயிக்குச் சாதகமாக ஒன்று சொல்லியாக வேண்டும்: வாக்கெடுப்பு. ஒவ்வொரு உறுப்பினரும் மேடையேறி வாய்விட்டுச் சொன்னார்கள். குற்றமற்றவர் என்று ஒருவர்கூடச் சொல்லவில்லை; மரண தண்டனைக்கு 387, எதிராக 334. சொந்தப் பங்காளி பிலிப் மரணத்துக்கு வாக்களித்தார். 1793 நவம்பரில் அவர் தலையும் போனது. அரங்கை ஆட வைக்க வேண்டும் என்றால் இதை எடுங்கள்.

ஆனால் சார்லஸின் கேள்வி அவரோடு சாகவில்லை. 1660-ல் அவர் மகன் ராஜாவாகத் திரும்பி வந்ததும், மரண உத்தரவில் கையெழுத்திட்ட தாமஸ் ஹாரிசனை ஓல்ட் பெய்லியில் நிறுத்தினார்கள். பார்லிமெண்டின் அதிகாரத்தில்தான் செய்தேன் என்றார். கீழ்ச்சபை மட்டும் பார்லிமெண்ட் ஆகாது என்று நீதிபதிகள் தள்ளிவிட்டு, அக்டோபர் 13-ல் தூக்கில் போட்டார்கள். குக்குக்கும் அதே மாதத்தில் அதே கதி. பிரான்சில் அப்படி எதிர்வாதம் நடக்கவில்லை. லூயியின் மரணத்துக்கு வாக்களித்தவர்களில் நெப்போலியன் 1815-ல் நாடுகடத்தலிலிருந்து திரும்பியபோது அவரோடு சேர்ந்தவர்களை 1816-ல் ஒரே சட்டத்தில், விசாரணை இல்லாமல், நாடு கடத்தினார்கள்.