கிரிஸ்ஃப்ளையர் மைல்: ஒரு ஊர்க்காரனின் காசுக் கணக்கு

சிங்கப்பூரிலிருந்து சென்னை ஏறத்தாழ 1,800 மைல். சிங்கப்பூர் ஏர்லைன்ஸில் மலிவான எகானமி லைட் டிக்கெட் எடுத்தால், பறந்த தூரத்தில் பாதிதான், அவர்களின் மைல் சேர்ப்புத் திட்டமான கிரிஸ்ஃப்ளையர் கணக்கில் ஏறும். போனால் 900, போய்வந்தால் 1,800. அதே சென்னைக்கு மைல் கொடுத்து ஒருவழி டிக்கெட் எடுக்க இருபதாயிரத்தை ஒட்டி வேண்டும். ஆக, பதினோரு தடவை காசு கொடுத்து ஊருக்குப் போய்வந்தால் ஒரு தடவை மைலில் போகலாம். போக மட்டும். திரும்பி வர இன்னொரு பதினொன்று.

சிங்கப்பூர் வந்த புதிதில் இப்படிக் கணக்குப் போட எனக்குத் தெரியவில்லை. விமானத்தில் ஏறினாலே மைல் குவிந்துவிடும் என்று நினைத்திருந்தேன். ஈசூனில் என் பக்கத்து வீட்டு அண்ணன்தான் விவரம் சொன்னார்: "தம்பி, மைல் சேர்றது ஆகாசத்துல இல்ல, கடன் அட்டையில." அதற்குப் பிறகு பத்து வருடமாகச் சேர்க்கிறேன், செலவழிக்கிறேன், கொஞ்சம் தொலைத்தும் இருக்கிறேன். வேலை நிமித்தமாக வாரம் ஒரு நாடு பறப்பவர்களுக்கு இது பயன்படாது. வருடத்துக்கு ஒன்றிரண்டு தடவை ஊருக்குப் போகும் என்னைப் போன்றவர்களுக்கு இந்தத் திட்டம் தேறுமா என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

அட்டை விஷயத்தைச் சீக்கிரம் முடித்துவிடுகிறேன். இணையத்தில் செலவழிக்கும் ஒவ்வொரு வெள்ளிக்கும் (சிங்கப்பூர் டாலர்) 4 மைல் தரும் அட்டைகள் இருக்கின்றன. டிபிஎஸ் வங்கியின் உமன்ஸ் வேர்ல்டு அட்டை அதில் ஒன்று. பெயரைப் பார்த்து மிரள வேண்டாம், ஆண்களும் வாங்கலாம். நான் கூச்சப்பட்டு ஒரு வருடம் விட்டுவிட்டேன். அந்த நாலு மைலுக்கு மாத உச்சவரம்பு உண்டு. 2,000 வெள்ளியாக இருந்தது, படிப்படியாகக் குறைந்து இப்போது 1,000. மளிகை, போன் பில் என்று எப்படியும் போகிற பணத்தை அதில் ஓட்டினால் மாதம் 4,000 மைல், வருடத்துக்கு 48,000. விமானத்தில் பறந்து இவ்வளவு சேர்க்க நான் சென்னைக்கு 27 தடவை போய்வர வேண்டும். காப்பீடு, மருத்துவமனை, அரசாங்கக் கட்டணம் எல்லாம் பெரும்பாலான அட்டைகளில் கணக்கில் வராது. மைலுக்காகத் தேவையில்லாத பொருளை வாங்குவதும் வட்டி கட்டுவதும் எந்தக் கணக்கிலும் சேராது. அப்படிச் செய்கிறவர்கள் இதோடு படிப்பதை நிறுத்திவிடலாம்.

அட்டை தருவது முதலில் வங்கிப் புள்ளியாகத்தான் சேரும். அதைக் கிரிஸ்ஃப்ளையர் மைலாக மாற்றப் பல வங்கிகள் ஒவ்வொரு தடவைக்கும் 27 வெள்ளி சொச்சம் வாங்குகின்றன. அதனால் சிறுகச் சிறுக மாற்றக்கூடாது. அதே சமயம் கிரிஸ்ஃப்ளையருக்குள் வந்துவிட்ட மைல் 36 மாதத்தில் காலாவதி. சில அட்டைகளில் புள்ளிக்குக் காலாவதியே கிடையாது, சிலவற்றில் ஒரே வருடம். காலாவதி இல்லாததை வங்கியிலேயே விட்டு வைத்து, ஆயுள் குறைந்ததை முதலில் மாற்ற வேண்டும். இது எனக்கு அடிபட்டுத்தான் தெரிந்தது. ஒரு வங்கியில் (பெயர் வேண்டாம்) வைத்திருந்த 11,000 மைலுக்கான புள்ளி ஒரு மார்ச் 31 நள்ளிரவில் காணாமல் போனது. நினைவூட்டும் மின்னஞ்சல் விளம்பரங்களுக்கு நடுவே கிடந்திருக்கிறது. இரண்டு நாள் கழித்துத்தான் பார்த்தேன்.

சரி, சேர்த்தாயிற்று. இனிமேல்தான் உண்மையான கதை. ஒரு மைல் எத்தனை காசு (சென்ட்) பெறும்?

கிரிஸ்ஃப்ளையரே சில விலைகளை வைத்திருக்கிறது. சிங்கப்பூர் ஏர்லைன்ஸ் டிக்கெட்டுக்குப் பணத்துக்குப் பதிலாக மைல் கொடுத்தால், 10 வெள்ளி கழிக்க ஆயிரத்துக்குச் சற்று மேல் மைல் கேட்கிறார்கள். அவர்களின் மலிவு விமானமான ஸ்கூட்டின் வவுச்சராக மாற்றினால் 1,050 மைலுக்கு 10 வெள்ளி. இரண்டுமே மைலுக்கு ஒரு காசைத் தொடாது. அவர்களின் கடையான கிரிஸ்ஷாப்பில் பொருள் வாங்கினால் இன்னும் கீழே. இதெல்லாம் தங்கத்தைக் கொடுத்து எவர்சில்வர் பாத்திரம் வாங்குகிற வேலை. காலாவதி ஆகப்போகும் மிச்சம் மீதிக்கு மட்டும் சரி.

மற்றது சேவர் டிக்கெட், அதாவது நிலையான மைல் விலைக்குக் கிடைக்கும் டிக்கெட். டிக்கெட்டின் காசு விலையிலிருந்து, மைலில் எடுத்தாலும் நாம் கட்ட வேண்டிய வரியைக் கழித்து, மிச்சத்தை மைல் எண்ணிக்கையால் வகுத்தால் ஒரு மைலின் மதிப்பு வரும். சிங்கப்பூரின் சாங்கி விமான நிலையத்திலிருந்து புறப்பட்டால் வரி ஏறத்தாழ 65 வெள்ளி. கிரிஸ்ஃப்ளையரில் எனக்குப் பிடித்த ஒன்றை இங்கே சொல்ல வேண்டும்: சிங்கப்பூர் ஏர்லைன்ஸின் சொந்த விமானங்களில் மைல் டிக்கெட்டுக்கு எரிபொருள் கூடுதல் கட்டணம் 2017இலிருந்து கிடையாது. இலவச டிக்கெட் என்று சொல்லிவிட்டு அந்தப் பெயரில் நானூறு ஐந்நூறு கறக்கிற திட்டங்கள் உலகத்தில் நிறைய உண்டு.

பிப்ரவரியில் ஒரு புதன்கிழமை, சென்னைக்கு ஒருவழி 230 வெள்ளி. வரி போக 165. இருபதாயிரத்தால் வகுத்தால் மைலுக்கு 0.8 காசு. அன்றைக்குக் காசு கொடுத்துப் போவதுதான் புத்தி. மைல் இருக்கிறதே என்று இதில் கொட்டுகிறவர்களைப் பார்த்தால் எனக்கு வயிறு எரியும்.

2023 நவம்பர் இறுதியில் நானும் மனைவியும் தோக்கியோ போனோம். கல்யாணமாகிப் பதினைந்து வருடம். மாமியார் வந்து பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டார். பள்ளி விடுமுறைக் காலம் என்பதால் சேவர் இடம் கிடைப்பது குதிரைக்கொம்பு. 355 நாளுக்கு முன்பே முன்பதிவு திறக்கும் என்று தெரிந்து, முந்தைய டிசம்பரிலேயே காத்திருந்து பிடித்தேன். போகும்போது பிசினஸ் வகுப்பு, ஆளுக்கு 52,000 மைல். வரும்போது காசு கொடுத்து எகானமி. அன்று இணையத்தில் அந்த பிசினஸ் இருக்கையின் விலை 2,300 வெள்ளி. கணக்குப்படி மைலுக்கு 4.3 காசு. அலுவலகத்தில் ஒரு வாரம் இதையே பீற்றிக்கொண்டேன்.

மனைவிதான் பலூனை உடைத்தாள். "மைல் இல்லன்னா 2,300 குடுத்து உக்காந்திருப்பீங்களா?" மாட்டேன். 450 வெள்ளிக்கு எகானமியில் போயிருப்பேன். அப்படிப் பார்த்தால் நான் மிச்சப்படுத்தியது 385 வெள்ளி, அதை 52,000ஆல் வகுத்தால் மைலுக்கு முக்கால் காசு கூட வரவில்லை. ஒரே இருக்கை, ஒரே நாள், 4.3 என்றும் சொல்லலாம், 0.74 என்றும் சொல்லலாம். இணையத்தில் "மைலுக்கு ஆறு காசு எடுத்தேன்" என்று எழுதுகிறவர்கள் எல்லாரும் முதல் கணக்கைத்தான் போடுகிறார்கள். காலை நீட்டிப் படுத்த சுகத்துக்கு ஒரு விலை உண்டு, அதை மறுக்கவில்லை. புக் த குக் என்று முன்கூட்டியே சொல்லி வைத்துச் சாப்பிடும் வசதியில் நான் லாப்ஸ்டர் வாங்கினேன். மனைவிக்குக் கார்த்திகை விரதம். தயிர்சாதம் இருக்குமா என்று அவள் கேட்டபோது அந்தப் பணிப்பெண்ணின் முகத்தை நான் பார்க்கவில்லை.

இனி மூன்றாவது டிக்கெட். 2024 ஆகஸ்ட், செவ்வாய் இரவு ஒன்பதரைக்குத் தம்பியிடமிருந்து போன். "அண்ணே, அப்பாவ தஞ்சாவூர் மெடிக்கல்ல சேத்துருக்கோம். பயப்படாத, ஆனா வந்துரு." திருச்சிக்கு நேரடி விமானம் இரண்டு நாளைக்கு நிரம்பிக் கிடந்தது. சென்னைக்கு மறுநாள் காலை விமானம் காசில் 560 வெள்ளி காட்டியது. மைலில் பார்த்தேன், சேவர் ஒன்று திறந்திருந்தது. காசு விலை ஏறியிருந்தாலும் சேவரின் மைல் அதே இருபதாயிரத்தை ஒட்டித்தான். கணக்கில் ஏற்கெனவே மைல் இருந்ததால் பத்து நிமிடத்தில் முடிந்தது; வரி மட்டும் கட்டினேன். மறுநாள் சென்னையில் இறங்கி, கிளாம்பாக்கத்தில் பஸ் பிடித்து, சாயங்காலம் தஞ்சாவூரில் இருந்தேன். அப்பா இப்போது நன்றாக இருக்கிறார், வாக்கிங் ஸ்டிக்கோடு டீக்கடை வரை போகிறார்.

அந்த டிக்கெட்டின் மதிப்பு மைலுக்கு 2.5 காசு. தோக்கியோவில் பாதிதான் கிட்டத்தட்ட. ஆனால் இந்த 560ஐ நான் கேள்வி கேட்காமல் கொடுத்திருப்பேன் என்பதால் இதில் பொய்க்கணக்கு எதுவும் இல்லை. அன்றிலிருந்து என் வழக்கம் மாறிவிட்டது: கிரிஸ்ஃப்ளையர் கணக்கில் 40,000 மைல் எப்போதும் இருக்க வேண்டும், போகவும் வரவும். வங்கியில் இருக்கும் புள்ளி ராத்திரி ஒன்பதரைக்கு உதவாது; ஒரு வங்கியில் மாற்றிக் கொடுக்க ஒரு வாரத்துக்கு மேல் ஆன அனுபவமும் எனக்கு உண்டு, அதற்குள் பார்த்து வைத்த இருக்கை போய்விட்டது. கடைசி நேரத்தில் சேவர் எப்போதும் கிடைக்கும் என்று சொல்ல வரவில்லை. தீபாவளி, பொங்கல், ஜூன், டிசம்பர் என்றால் அன்று ராத்திரி நானும் 560 அழுதிருப்பேன்.

நாற்பதாயிரத்துக்கு மேல் இருப்பதைச் சீக்கிரம் செலவழித்துவிடுகிறேன். வீட்டுப் பரணில் பழம்புளிக்கு மவுசு உண்டு, பழைய மைலுக்குக் கிடையாது. லண்டனுக்கு பிசினஸ் சேவர் 92,000ஆக இருந்தது, 2022 ஜூலையில் 103,500 ஆனது, 2025 நவம்பரில் பட்டியல் மறுபடி ஏறியது. அதே நவம்பரில் ஆக்சஸ் என்று ஒரு புது வகையும் வந்தது. சேவர் இல்லாத இருக்கைக்கும் மைல் கொடுக்கலாம், ஆனால் விலை காசு டிக்கெட் போலவே ஏறி இறங்கும். எனக்கு அதில் ஆர்வம் இல்லை. நிலையான விலை என்பதுதான் சேவரின் மொத்த அழகும். செலவழிக்க நல்ல வழி, ஒவ்வொரு மாத நடுவிலும் அடுத்த மாதத்துக்கென்று வரும் ஸ்பான்டேனியஸ் எஸ்கேப்ஸ் என்ற மைல் தள்ளுபடி. வழக்கமாக 30 சதவீதம் குறைவு. தேதி மாற்ற முடியாது, ரத்து செய்ய முடியாது. பட்டியலில் இந்திய நகரங்கள் வரும் மாதம், விடுப்பும் கிடைத்தால் யோசிக்காமல் எடுக்கலாம்.

குறை என்று பார்த்தால் காத்திருப்புப் பட்டியல்தான். சேவர் இல்லாத நாளில் பெயர் கொடுத்து வைக்கலாம், மைலும் டிக்கெட் உறுதியானால்தான் கழியும். ஆனால் ரயில் டிக்கெட்டில் வெயிட்டிங் லிஸ்ட் 14 என்று காட்டுவது போல வரிசையில் எத்தனையாவது என்று சொல்லவே மாட்டார்கள். இருட்டில் உட்கார்ந்திருக்க வேண்டியதுதான். இன்னொன்று, நம் மைலில் மற்றவர்களுக்கு டிக்கெட் எடுக்க முதலில் அவர்கள் பெயரைப் பதிய வேண்டும், ஐந்து பேர் வரை. அப்பா, அம்மா, மனைவி, இரண்டு பிள்ளைகள். ஐந்து முடிந்தது. மாமியாருக்கு இடமில்லை. அது வீட்டில் தனிப் பஞ்சாயத்து.

யாருக்கு வேண்டாம் என்றும் சொல்லிவிடுகிறேன். திருச்சிக்கோ கோயம்புத்தூருக்கோ எப்போதும் மலிவு விமானத்தில்தான் போவேன் என்பவர்கள் இந்தத் தலைவலியே வேண்டாமென்று பணம் திருப்பித் தரும் அட்டையை வைத்துக்கொள்ளலாம். மைலுக்கு ஒரு காசு கூடத் தேறாத இடத்தில் மைல் சேர்ப்பதற்கு ரொக்கம் எவ்வளவோ மேல்.

இன்றைக்கு என் கணக்கில் 46,300. பொங்கலுக்கு நாலு பேருக்குக் காத்திருப்புப் பட்டியலில் பெயர் கொடுத்திருக்கிறேன். இருப்பதோ இரண்டு பேருக்கான மைல்தான், மிச்சம் வங்கியிலிருந்து வர வேண்டும். மன்னை எக்ஸ்பிரஸில் மட்டும் எழும்பூரிலிருந்து நாலு பெர்த் உறுதியாகிவிட்டது.