உறையில் இல்லாத பெயர்: ஐந்து இறுவட்டுகளின் தொகுப்பு

ஹட்டன் பேருந்து நிலையத்துக்கு அருகே இன்னும் இறுவட்டு விற்றுக்கொண்டிருக்கும் சிறிய கடையொன்றில், ஜாக்கி சானின் ஐந்து படங்கள் அடங்கிய தொகுப்பைக் கடந்த மாதம் 1,500 ரூபாய்க்கு வாங்கினேன். உறை முழுவதும் நாயகனின் முகம்தான். நானோ அந்தப் படங்களின் எழுத்தில் தொடர்ந்து பங்குகொண்ட ஹொங்கொங் திரைக்கதையாசிரியர் எட்வர்ட் டாங்குக்காகவே அதைத் தேடினேன். பெயரைச் சொன்னதும், "அவரு எந்தப் படத்துல ஹீரோ, சேர்?" என்று கேட்ட கடைக்காரர், படப் பெயர்களை எழுதிக் கொடுத்த பின்னர் பரணில் ஏறித் தூசு தட்டி எடுத்துத் தந்தார்.

புராஜெக்ட் ஏ (1983), வீல்ஸ் ஒன் மீல்ஸ் (1984), பொலிஸ் ஸ்டோரி (1985), அதன் மூன்றாம் பாகம் (1992), ரம்பிள் இன் த பிரொன்க்ஸ் (1995) ஆகியவை இதில் உள்ளன. ஜாக்கி சான், சாமோ ஹங், ஸ்டான்லி டொங் என இயக்குநர்கள் மாறினாலும், தனியாகவன்றிப் பிறருடன் சேர்ந்தேனும், ஐந்திலும் எழுதியவர் டாங். ஆகவே, ஒருவருடைய பன்னிரண்டு ஆண்டு உழைப்பை வரிசையாகப் பார்க்க இது நல்ல வாய்ப்பு.

அந்த உழைப்பு எங்கே தெரிகிறது என்றால், அடிதடி நின்றுபோகும் இடங்களில். பொலிஸ் ஸ்டோரியில் தண்டனையாகக் கிராமத்துக் காவல் நிலையத்துக்கு அனுப்பப்பட்ட நாயகன் தனியே உட்கார்ந்திருக்க, தொலைபேசிகள் ஒன்றன்பின் ஒன்றாக ஒலிக்கின்றன. தொலைபேசி ரிசீவர்களைக் கையிலும் தோளிலும் தாங்கி, கம்பிகள் உடம்பில் சிக்க, ஒருவருக்குச் சொல்லவேண்டியதை இன்னொருவருக்குச் சொல்லித் தடுமாறுகிறான். ஓர் அடிகூட விழுவதில்லை. ஆனாலும் உடலால் மட்டுமே நடிக்கக்கூடிய நகைச்சுவை அது. நீதிமன்றத்தில் சாட்சியின் வாக்குமூலம் என்று ஒலிக்கவிட்ட நாடாவே அரச தரப்பின் மானத்தை வாங்குவதும் இதே வகைதான். 1986இல் இப்படம் ஹொங்கொங் திரைப்பட விருதுகளில் சிறந்த படமாகத் தேர்வானதற்குச் சண்டைகள் மட்டும் காரணமாக இருந்திருக்க முடியாது. தொடக்கத்தில் மலைச்சரிவில் அடுக்கிய தகரக் குடிசைகளைத் துளைத்துக்கொண்டு கார்கள் கீழே பாய்கின்றன. தேயிலைத் தோட்டத் தொழிலாளருக்கான வரிசை வீடான லயக் காம்பிராவில் வளர்ந்த எனக்கு அங்கே சிரிப்பு சற்றுத் தாமதமாகவே வந்தது.

தொகுப்பின் பெருங்குறை தமிழ் ஒலிச்சேர்க்கை. தொலைபேசிக் காட்சியின் மௌனங்களையெல்லாம் சென்னைப் பேச்சுக் கேலிகளால் நிரப்பியிருக்கிறார்கள். சிக்கலை நாமே கண்டுபிடித்துச் சிரிப்பதற்கு அவகாசமே இல்லை. தொடக்கப் பெயர்ப் பட்டியலையும் வெட்டியிருப்பதால், எழுதியவரின் பெயர் ஐந்தில் மூன்று இறுவட்டுகளில் எங்குமே தென்படாது. புராஜெக்ட் ஏயின் இறுதியில் வரும் படப்பிடிப்புத் தவறுகளும் போய்விட்டன. மணிக்கூட்டுக் கோபுரத்திலிருந்து ஜாக்கி சான் உண்மையாகவே விழுந்ததைப் படத்தில் பார்த்தவருக்கு, அத்தவறுகள் இல்லாதது சாப்பாட்டில் பாதியை எடுத்துவிட்டதுபோல.

நல்லவேளையாக, வீல்ஸ் ஒன் மீல்ஸ் கன்டோனீஸ் மொழியிலேயே ஆங்கில உபதலைப்புடன் இருக்கிறது; படமும் தெளிவு. ரம்பிள் இன் த பிரொன்க்ஸ் ஆங்கிலத்தில். இதில் கதை மற்றவற்றைவிட மெலிந்திருக்கிறது. நியூயோர்க் என்று சொல்லிக்கொண்டு வான்கூவரில் எடுத்ததால், பின்னணியில் மலைகள் எட்டிப் பார்க்கின்றன. "நியூயோர்க்குல மலை இருக்கா அப்பா?" என்று மகன் கேட்டான், மலைநாட்டுப் பிள்ளையை அந்த விஷயத்தில் ஏமாற்ற முடியாது.

மூன்றாவது இறுவட்டு நடுவில் நின்றுவிட்டது. மறுநாள் கொண்டுபோனபோது, கடைக்காரர் பற்றுச்சீட்டுக்கூடக் கேட்காமல் மாற்றித் தந்தார். வாங்குபவர்கள் அங்கேயே போட்டுப் பார்த்துக்கொள்வதும், மூலமொழிப் பிரதி இருக்கிறதா என்று முதலிலேயே கேட்பதும் நல்லது. கேட்டால் பரணில் தேடித் தருகிறார்.